கை காட்டினாலும் நிற்காத பேருந்து

பெங்களூருக்குப் போகிறேன் என்றதும் மதுரையில் எல்லாரும் ஒரே மாதிரி சொன்னார்கள்: ஸ்வெட்டர் எடுத்துக்கொள். நான் கேட்கவில்லை. லென்ஸ்கள், பேட்டரிகள், மைக், முக்காலி என்று ஏற்கெனவே கழுதைச் சுமை. மார்கழிக் காலையில் ரயிலை விட்டு இறங்கியதும் பற்கள் தந்தியடித்தன. என்னை அழைத்துப் போக வந்திருந்த கௌதமி கைப்பையிலிருந்து ஒரு குரங்குக் குல்லாவை எடுத்து நீட்டினாள். அவள் கணவருடையது. ஊர் திரும்பும்வரை அதை நான் கழற்றவே இல்லை. அந்த நாட்களில் எடுத்த படங்களில் எல்லாம் விடியற்காலையில் பால் ஊற்ற வந்த ஆள் மாதிரி இருக்கிறேன்.

நான் ஆவணப்பட ஒளிப்பதிவாளர். ஒரு நகரம், அந்த நகரத்தில் ஒரு வேலை, அந்த வேலையைச் செய்யும் ஒருவர் என்று ஒரு தொடர் எடுத்துக்கொண்டிருந்தோம். பெங்களூர் என்றதும் சென்னையிலிருக்கும் எங்கள் தயாரிப்பாளர் கழுத்தில் அடையாள அட்டை தொங்கும் கணினிக்காரப் பெண் ஒருத்தியை மனதில் வைத்திருந்தார். நான்தான் பிடிவாதம் பிடித்துக் கௌதமியைச் சொன்னேன். அல்சூரிலேயே பிறந்து வளர்ந்த தமிழ்ப் பெண். முப்பத்தைந்து வயதை ஒட்டியவள். பள்ளி வேன் ஓட்டுகிறாள். இப்போது நகரப் பேருந்து ஓட்டப் போகிறாள், அல்லது ஓட்டப் பார்க்கிறாள்.

அந்த 'பார்க்கிறாள்' என்பதில்தான் எல்லாம் இருந்தது. புதிதாக வந்த மின்சாரப் பேருந்துகளுக்கு ஓட்டுநர் எடுக்கிறார்கள். கௌதமியும் விண்ணப்பித்து, நேர்காணலும் முடித்துவிட்டாள். கனரக வாகன உரிமம் மட்டும் பாக்கி. அதற்கான தேர்வு அடுத்த வாரம். சான்றிதழ் சரிபார்ப்பு அன்றைக்கு உரிமம் கையில் இல்லாவிட்டால் இந்தமுறை அவ்வளவுதான். அடுத்து எப்போது எடுப்பார்கள் என்று யாருக்கும் தெரியாது, வயது வரம்பும் அவளை நெருக்கிக்கொண்டிருந்தது.

மெட்ரோ நிலையத்தில் பாதுகாப்புச் சோதனை. என் முக்காலியைப் பார்த்த காவலருக்கு அது பீரங்கியின் கால் போலத் தெரிந்திருக்க வேண்டும். ஒவ்வொரு லென்ஸாகத் திறந்து காட்டச் சொன்னார். எனக்குப் பின்னால் வரிசை நீண்டது. யாரோ கன்னடத்தில் ஏதோ சொல்ல, எல்லாரும் சிரித்தார்கள். கௌதமியும் சிரித்தாள்.

"என்ன சொல்றாங்க?"

"குண்டா இருந்தா இன்னேரம் வெடிச்சிருக்கும், விடுங்க சார்னு சொல்றாருக்கா."

கோபம் வந்தது, ஆனால் சிரித்துவிட்டேன். எங்கள் ஊர் வரிசையாக இருந்தால் காவலரோடு சேர்த்து எனக்கும் நாலு வசவு விழுந்திருக்கும்.

கௌதமியின் வீடு ஏரிக்குப் பின்னால் ஒரு சந்தில். கூடத்தில் புத்தர் படம், அதைச் சுற்றி நிறம் மாறும் சின்ன விளக்குகள், அதன் கீழேயே டிவி. கௌதமி என்ற பெயருக்குக் காரணம் கேட்க வேண்டியிருக்கவில்லை. கணவர் பிரகாஷ் அலுவலகக் கட்டடங்களில் லிஃப்ட் பழுது பார்ப்பவர். சமையல் அவர் கை. "ஊட்டா ஆயித்தாக்கா?" என்றுதான் சாப்பாடு ஆயிற்றா என்று கேட்பார். ஆகவில்லை என்றால் கன்னடம் நின்றுபோய்த் தமிழில் திட்டு ஆரம்பிக்கும். அவர் வைத்த சாம்பாரில் வெல்லம் இருந்தது. மதுரைக்காரிக்கு இதைவிடப் பெரிய அவமானம் கிடையாது. மூன்றாவது முறை ஊற்றிக்கொண்டபோது பிரகாஷ் என்னைப் பார்த்த பார்வையை நான் பார்க்காத மாதிரி இருந்துவிட்டேன்.

சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது ஏன் பஸ் என்று கேட்டேன். வேனே நல்லாத்தானே போகிறது?

"எங்கம்மா டிப்போல பஸ் கழுவிகினு இருந்தாங்கக்கா," என்றாள் கௌதமி. "சின்னதுல நானும் போவேன். அம்மா உள்ள ஏறி எல்லா சீட்டும் தொடைப்பாங்க. கால் வலிச்சா பாசிஞ்சர் சீட்டுல உக்காருவாங்க. டிரைவர் சீட்டுல மட்டும் உக்கார மாட்டாங்க. நான் ஒருவாட்டி ஏறி உக்காந்துட்டேன். முதுகுல வெச்சாங்க பாரு ஒண்ணு."

"அதுக்காகவா?"

"அதுக்கும்தான். அப்புறம் யூனிபாரம் குடுப்பாங்க இல்ல."

நான் சாப்பாட்டுத் தட்டைத் தள்ளிவைத்துவிட்டு, இதைக் கேமராவில் மறுபடி சொல்ல முடியுமா என்று கேட்க நினைத்தேன். நல்லவேளை, கேட்கவில்லை.

அடுத்த நாள் காலையில் வேனில் முன்பக்கம் உட்கார்ந்து ஈஜிபுராவுக்குப் போனேன். பிள்ளைகள் பாதிப்பேர் அங்கிருந்துதான் ஏறுகிறார்கள். ஒரு சந்தில் தண்ணீர் லாரி, எதிரே காய்கறி வண்டி, நடுவே எங்கள் வேன். தர்மபுரி, திருவண்ணாமலை, சேலம் என்று ஒவ்வொரு வாசலிலும் ஒவ்வொரு ஊர்த் தமிழ் கேட்டது. பிள்ளைகளோ ஒருவருக்கொருவர் கன்னடத்தில் சண்டை போட்டு, கௌதமியிடம் தமிழில் புகார் சொல்லி, ஆங்கிலத்தில் மன்னிப்புக் கேட்டார்கள். கேமராவைப் பார்த்ததும் ஒரு வீட்டம்மா மகளை ஏற்றிவிட்டு, "ரீல்ஸா, சீரியலாக்கா?" என்றார். ஆவணப்படம் என்றேன். "அப்ப யாரும் பாக்க மாட்டாங்க," என்று ஆறுதலாகச் சொல்லிவிட்டு, அவசரமாகத் தலையை ஒதுக்கிக்கொண்டு மகளை இறக்கி மறுபடியும் ஏற்றிவிட்டார். நான் கேட்கவே இல்லை. இந்த நகரத்தில் எல்லாருக்கும் இரண்டாவது டேக் கொடுக்கத் தெரிந்திருக்கிறது.

ஓட்டுநர் பயிற்சி ஆனேக்கல் தாண்டி ஒரு வெட்டவெளி மைதானத்தில். வேன் வேலை முடிந்ததும் இருவரும் பஸ் பிடித்துப் போவோம். முதல் நாள் நடத்துநர் கௌதமியின் ஆதார் அட்டையைப் பார்த்து, கர்நாடகப் பெண்களுக்கான இலவசச் சீட்டு கிழித்தார். நானும் பெருமையாக என் அட்டையை நீட்டினேன். அவர் அதிலிருந்த முகவரியைப் படித்துவிட்டு, கன்னடத்தில் மிகவும் மரியாதையாக, மதுரையில் இலவசமாகப் போங்கள் அம்மா, இங்கே டிக்கெட் எடுங்கள் என்றார். பஸ் முழுக்கப் பெண்கள், அத்தனை பேரும் என்னைப் பரிதாபமாகப் பார்த்தார்கள். சந்தாபுரா பக்கம் அந்த பஸ்ஸும் புகைவிட்டு நின்றுவிட்டது. டிக்கெட் எடுத்தவள் நான் ஒருத்திதான் என்பதால் பஸ் நின்றுபோனதற்கு நியாயம் கேட்கும் உரிமையும் எனக்கு மட்டும்தான் உண்டு என்றாள் கௌதமி. சாலையோரக் கடையில் தொன்னையில் பிரியாணி வாங்கித் தின்றுகொண்டே அடுத்த வண்டிக்குக் காத்திருந்தோம். சோறு பச்சை நிறத்தில் இருந்தது. பிரியாணி பச்சையாக இருக்கலாமா என்ற விவாதத்தை நான் ஆரம்பிப்பதற்குள் தொன்னை காலியாகிவிட்டது.

பயிற்சி தருபவர் நாகராஜ் மாஸ்டர். கன்னடக்காரர். தமிழ் மாணவர்களுக்காக ஒரு தனித் தமிழ் வைத்திருந்தார். "கண்ணாடி நோடு, ரோடு நோடு. வேற ஒண்ணும் நோட பேடா," என்பார். பார்க்க வேண்டியது கண்ணாடியையும் சாலையையும் மட்டும் என்பது கிளட்ச் தெரியாத எனக்கே புரிந்தது. பயிற்சி வண்டி ஒரு பழைய டீசல் பஸ். அது போடும் சத்தத்தில் காது கேட்காது. அதனால் நானும் கௌதமியும் ஒரு ஏற்பாடு செய்துகொண்டோம். நான் கையைத் தூக்கினால் அவள் வண்டியை நிறுத்த வேண்டும். இறக்கினால் கிளம்ப வேண்டும். இதைப் படப்பிடிப்பில் எல்லா இடத்திலும் செய்கிறோம். கௌதமி சட்டென்று பிடித்துக்கொண்டாள். பாதி வளைவில் இருந்தாலும் என் கை மேலே போனால் பஸ் நின்றுவிடும். இப்படி ஒரு ஒழுங்கான நடிகை எனக்கு வாய்த்ததே இல்லை என்று தயாரிப்பாளருக்கு ஃபோன் செய்து பீற்றிக்கொண்டேன்.

தேர்வு நாள். பனி விலக நேரமெடுத்தது. தேர்வு மைதானத்து வேலிக்கு வெளியே ஒரு மூலையைக் காட்டி, இங்கிருந்து எடுத்துக்கொள்ளுங்கள், நகரக் கூடாது, பேசக் கூடாது என்றார்கள். நகரவில்லை, பேசவும் இல்லை.

கௌதமி மேட்டில் நிறுத்திப் பின்னால் உருளாமல் கிளப்பினாள். எட்டுப் போட்டாள். கடைசியாக ரிவர்ஸ். பாம்பு மாதிரி வளைந்த பாதை, இரண்டு பக்கமும் கம்பங்கள். கம்பத்தில் இடிக்கக் கூடாது, நடுவில் நிறுத்தவும் கூடாது. பஸ் பின்பக்கமாக என்னை நோக்கி வந்தது. வலப்பக்கக் கண்ணாடியில் அவளுடைய முகம் தெரிந்தது, உதட்டைக் கடித்துக்கொண்டிருந்தாள். அருமையான ஷாட். வளைவில் பஸ்ஸின் பின்பாகம் ஒதுங்கியது. அதுவரை அதற்குப் பின்னால் மறைந்திருந்த சூரியன் நேராக என் லென்ஸுக்குள் அடித்தது.

ஒளிப்பதிவாளர்களின் இடது கைக்கு ஒரு பழக்கம் உண்டு. எதிர்வெயில் லென்ஸில் விழுந்தால் அது தானாக உயர்ந்து நிழல் கட்டும். கொசு கடித்தால் அடிக்கிற மாதிரி, யோசித்துச் செய்வதில்லை. என் கை உயர்ந்தது.

பஸ் நின்றது.

வெட்கத்தோடு சொல்கிறேன், ஃபிரேம் நன்றாக வந்துவிட்டது என்றுதான் முதலில் எனக்குத் தோன்றியது. அதற்குப் பிறகுதான் தேர்வு அதிகாரி நாற்காலியிலிருந்து எழுந்து சிவப்புக் கொடியைக் காட்டுவது கண்ணில் பட்டது. என் கை இன்னும் மேலேயே இருந்தது.

கௌதமி இறங்கி வேலிவரை வந்தாள். "நீங்க கை தூக்குனீங்க இல்லக்கா?" என்றாள். குற்றம் சாட்டுகிற குரலே இல்லை. சொன்னதைச் சரியாகச் செய்தேன்தானே என்று ஒரு பிள்ளை கேட்பது போல இருந்தது.

நகரக் கூடாது என்று சொன்ன மூலையை விட்டு ஓடினேன். அதிகாரியிடம் கையெடுத்துக் கும்பிட்டு, தவறு என்னுடையது, வெயிலுக்குக் கை தூக்கி நான்தான் நிறுத்தினேன், இன்னொரு தடவை ஓட்டவிடுங்கள் என்று தமிழும் ஆங்கிலமுமாகக் கொட்டினேன். அவர் கெட்டவர் இல்லை. பொறுமையாகக் கேட்டார். பிறகு கன்னடத்தில் கௌதமியிடம் சொன்னார், கூட வந்திருந்த மாஸ்டர் அதை எனக்குத் தமிழில் சொன்னார்: "நாளைக்கு எழுபது பேரை ஏற்றிக்கொண்டு போகும்போது, சாலையோரத்தில் எவனோ வெயிலுக்குக் கையைத் தூக்கினால் நடுரோட்டில் நிறுத்துவாயா? குறுக்கே ஆள் வந்தால் நிறுத்து. கை தூக்கினால் கண்ணாடியைப் பார்த்து ஓட்டு. ஒரு வாரம் கழித்து வா."

ஒரு வாரம் கழித்து மறுதேர்வு. அதற்கு அடுத்த நாளே சான்றிதழ் சரிபார்ப்பு. இன்னொரு தடவை தோற்றால் எல்லாம் முடிந்தது.

திரும்பி வரும்போது பஸ்ஸில் தயாரிப்பாளர் கூப்பிட்டார். நடந்ததைச் சொன்னேன். "அழுதாங்களா? எடுத்தியா?" என்றார். "பாஸ் பண்றதைவிட இதான் நல்ல முடிவு, தெரியுமா?" நான் ஃபோனை வைத்துவிட்டேன். கௌதமி ஜன்னல் பக்கம் தலை சாய்த்து உட்கார்ந்திருந்தாள். அவள் அழுதாள்தான். என் கேமரா பைக்குள் இருந்தது. அது உள்ளே இருந்தது குறித்து எனக்கு இன்றுவரை வருத்தமில்லை. இத்தனை வருடத்தில் வேறு எத்தனையோ பேர் அழுததை நான் எடுத்திருக்கிறேனே என்றுதான் அன்றைக்கு வருத்தமாக இருந்தது.

பிரகாஷ் அன்றைக்கு எனக்குச் சாம்பார் ஊற்றவில்லை. தட்டில் சோறு வைத்தார், ரசம் ஊற்றினார், உள்ளே போய்விட்டார். நான் தங்கியிருந்த அறைக்குத் திரும்பி மூட்டை கட்டினேன். நான் போய்விடுவதுதான் அவளுக்குச் செய்யக்கூடிய நல்லது என்று பட்டது.

காலையில் கௌதமி என் அறை வாசலில் நின்றாள். பக்கத்து ஓட்டலுக்கு இழுத்துக்கொண்டு போனாள். ஒரு காபியை இரண்டு கோப்பையில் பாதிப் பாதியாகத் தரும் 'பை டூ' இந்த ஊரில் மட்டும்தான் இவ்வளவு கௌரவமாகக் கேட்கப்படுகிறது. எங்கள் ஊரில் அப்படிக் கேட்டால் கடைக்காரர் குடும்ப நிலவரம் விசாரிப்பார். தன் பாதியை ஒரே மடக்கில் குடித்துவிட்டு அவள் சொன்னாள்:

"ஊருக்குலாம் போவாதீங்க. இன்னிக்கி கிரவுண்டுக்கு வாங்க. கேமராவும் எடுத்துகினு வாங்க."

"வேண்டாம் கௌதமி. நான் இருந்தா மறுபடியும்…"

"ஆபீசர் சொன்னது கரெக்ட்டுக்கா. ரோட்டுல எவனாச்சும் கை தூக்கிகினேதான் இருப்பான். அதுக்கெல்லாம் நின்னா நான் இன்னா டிரைவரு? நீங்க நில்லுங்க. கை தூக்குங்க. நான் நிக்காம போய்ப் பழவணும்."

அப்படித்தான் அந்த விநோதமான வாரம் தொடங்கியது. என் வேலை கை தூக்குவது. மாஸ்டர் முதலில் எங்கள் இருவரையும் பார்த்து "ஹுச்சு" என்று தலையில் தட்டிக் காட்டினார். பைத்தியம் என்று யாரும் மொழிபெயர்க்கத் தேவையிருக்கவில்லை. பஸ் ரிவர்ஸில் வரும், வேலியோரம் நின்று நான் கை தூக்குவேன், பஸ் நிற்கும். மறுபடி வரும், கை தூக்குவேன், நிற்கும்.

"கால் தானா பிரேக்குக்குப் போவுதுக்கா," என்று ஜன்னல் வழியாகக் கத்தினாள். அவளுக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தது.

இரண்டாம் நாள் பாதித் தடவை நின்றாள். மூன்றாம் நாள் பிரகாஷ் விடுப்புப் போட்டுவிட்டு ஒரு சிவப்பு வாளியோடு வந்தார். என்னோடு பேசவில்லை. எனக்குப் பக்கத்தில் நின்று வாளியைத் தலைக்கு மேலே ஆட்டினார். பஸ் நிற்காமல் எங்களைக் கடந்து போனதும், "லதாக்கா, நீங்க சரியாவே தூக்கல, இன்னும் மேல," என்றார். அன்றிரவு எனக்கு மறுபடியும் வெல்லச் சாம்பார் கிடைத்தது.

அதற்கு அடுத்த நாள் பயிற்சிக்கு வந்த மற்றவர்களும் சேர்ந்துகொண்டார்கள். துண்டு, குடை, ஒருவர் தன் சட்டையையே கழற்றி ஆட்டினார். மைதானத்தின் ஓரம் திருவிழா மாதிரி ஆகிவிட்டது. சாலையில் போன ஒரு அம்மா இத்தனை பேர் கை காட்டுகிறார்களே, ஓசூர் பஸ்ஸாக்கும் என்று நினைத்து மூட்டையோடு ஓடிவந்து தானும் கை காட்டினார். கௌதமி அவரையும் கடந்து போய்விட்டாள். அந்த அம்மா தமிழ், கன்னடம், தெலுங்கு மூன்றிலும் திட்டினார். கௌதமி வளைவை முடித்துவிட்டு இறங்கி ஓடிவந்து மன்னிப்புக் கேட்டாள். மாஸ்டருக்குப் புதுக் கவலை பிடித்துக்கொண்டது. "இப்பிடியே போனா நாளைக்கு ஸ்டாப்ல கூட நிக்க மாட்டா," என்றார்.

மறுதேர்வு அன்று அதே அதிகாரி, அதே மூலை. அவர் என் கையை மட்டும் ஒரு தடவை பார்த்தார். பிரகாஷ் வேலியைப் பிடித்துக்கொண்டு நின்றார். மேடு முடிந்தது. எட்டு முடிந்தது. பஸ் பின்னால் வரத் தொடங்கியது.

வளைவு வரப்போகிறது என்று எனக்குத் தெரியும், சூரியன் எங்கே இருக்கிறது என்றும் தெரியும். அவள் பழகிவிட்டாள் என்பதும் தெரியும். ஆனாலும் பயிற்சி மைதானம் வேறு, இது வேறு. கண்ணாடியில் உதட்டைக் கடித்த அதே முகம். இடது கை மேலே போகப் பார்த்தது. அதைக் கேமராவுக்கு அடியில் கொடுத்து இறுக்கிப் பிடித்துக்கொண்டேன். பஸ்ஸின் பின்பாகம் ஒதுங்கியது. வெயில் உள்ளே பாய்ந்தது. என் திரை முழுக்க வெள்ளை. பஸ் இல்லை, கம்பம் இல்லை, அவள் இல்லை. எஞ்சின் சத்தம் மட்டும் கேட்டது. அது ஏறவும் இல்லை, இறங்கவும் இல்லை, ஒரே சீராக வந்துகொண்டிருந்தது.

படம் திரும்ப வந்தபோது பஸ் இரண்டு கோடுகளுக்கு நடுவே நேராக நின்றிருந்தது. அதிகாரி நாற்காலியில் உட்கார்ந்தபடியே இருந்தார். கொடி மடியில் கிடந்தது. பிரகாஷ் வேலியிலிருந்து கையை எடுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

கௌதமி கையெழுத்துப் போட்டுவிட்டு எங்களிடம் வந்தாள். பிரகாஷின் தோளில் ஓங்கி ஒரு அடி வைத்தாள். பிறகு என்னைக் கட்டிக்கொண்டாள். என் குல்லா கீழே விழுந்தது, யாரும் எடுக்கவில்லை.

"காட்டுங்கக்கா," என்றாள்.

சின்னத் திரையில் ஓட்டிக் காட்டினேன். பஸ் வருகிறது. வளைகிறது. வெள்ளை. வெள்ளை. வெள்ளை. அப்புறம் நின்ற பஸ்.

"நான் வளைச்சது எங்க?"

"இதுக்குள்ளதான் இருக்கு. கையை வெச்சு மறைக்கல. அதான் வெயில் புகுந்துடுச்சு."

"ஏன் மறைக்கல?"

கேட்டு முடிக்கும்போது அவளுக்கே புரிந்துவிட்டது. என் இடது கையைப் பிடித்துத் திருப்பிப் பார்த்தாள். கேமராவின் விளிம்பு பதிந்து உள்ளங்கை சிவந்திருந்தது.

"தூக்கியிருக்கலாமேக்கா," என்றாள் கௌதமி. "நான் நின்னிருக்க மாட்டேன்."